யோகண்ணை கடையில் இதரைப்பழம் இல்லை

போன சனிக்கிழமை, ஒஸ்லோவின் ரொம்மன் பகுதியில் நடந்தது இது.

யோகண்ணையின் கடைக்கு முருங்கைக்காய் வாங்கப் போயிருந்தேன். எனக்கு முன்னால் ஓர் இளைஞர். புது ஜாக்கெட், கழுத்தில் கம்பெனி அட்டை. (சனிக்கிழமையிலும் அதைக் கழற்றாதவர்கள் இருக்கிறார்கள், கவனித்திருப்பீர்கள்.) தமிழ்நாட்டிலிருந்து ஐ.டி. வேலைக்கு வந்தவர் என்பது வாயைத் திறந்ததும் தெரிந்துவிட்டது.

"அண்ணா, போன வருஷம் வந்தப்போ இங்க ரஸ்தாளி இருந்துச்சே... இப்ப இல்லையா?"

யோகண்ணை பழத் தட்டைக் காட்டினார். அங்கே குட்டிக் குட்டியாக மஞ்சள் வாழைப்பழம் இருந்தது.

"இது வேறண்ணா. அது தோல் மெல்லிசா இருக்கும். உரிச்சா ரூம் பூரா வாசனை வரும்."

"அது இனி வராது தம்பி."

"ஏன்ணா, சப்ளையரை மாத்திட்டீங்களா?"

கடையில் அப்போது நாலைந்து பேர் நின்றோம். நான், பருப்புப் பக்கம் ஒரு குடும்பம், வாசலில் ஒரு பெரியவர். எல்லோருக்கும் விஷயம் தெரியும். ஒருவரும் மூச்சு விடவில்லை.

"சப்ளையர் இல்ல, தம்பி, இப்ப" என்றார் யோகண்ணை.

"வேற ஆள் பாருங்கண்ணா. செம்மையா ஓடும்!"

நல்ல பிள்ளை. சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டு, அரிசிப் பையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். அவரில் என்ன பிழை? அவருக்கு என்ன தெரியும்?

யோகண்ணை கவுண்டரை அப்படியே விட்டுவிட்டுப் பின்னறைக்குப் போனார். கொஞ்ச நேரத்தில் அவருடைய மனைவி மலர் கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள். "உங்களுக்கு என்ன அக்கா, முருங்கைக்காயோ?" என்றாள். நான் தலையை ஆட்டினேன்.

பிறகு பின்னறைக்குப் போய் அவரிடமே கேட்டேன் — "யோகண்ணை, இதை நான் எழுதட்டோ?"

வெங்காய மூட்டை மேலே உட்கார்ந்திருந்தார். நிமிர்ந்து பார்த்தார். "எழுதுங்க தங்கச்சி. மறுகா நான் ஒவ்வொருத்தருக்கும் சொல்லத் தேவையில்லத்தானே."

அதனால்தான் எழுதுகிறேன்.

யோகண்ணை மட்டக்களப்பு ஆள். வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் பிறந்தவர். மலர் யாழ்ப்பாணத்து வடமராட்சி. இரண்டு பேரும் சந்தித்தது இரண்டு ஊரிலும் இல்லை — நோர்வேயின் வடக்கு முனையில், மீன் பதனிடும் தொழிற்சாலையில், ஆளுக்கொரு வெள்ளைத் தொப்பியோடு. பிறகு ஒஸ்லோவுக்கு இறங்கி வந்து எல்லிங்ஸ்ருட்டில் ஒரு ஃபிளாட் எடுத்தார்கள். யோகண்ணைக்கு நகரத்தின் கிழக்கே ஒரு பெரிய பழ மொத்த வியாபாரியிடம் வேலை கிடைத்தது. என்ன வேலை? வாழைப்பழம் பழுக்க வைக்கிற வேலை!

இந்த நாட்டில் வாழை முளைக்காது. முளைத்தாலும் ஐப்பசி பிறக்க முதல் செத்துவிடும். ஆனால் வாழைப்பழம் இல்லாத நோர்வீஜிய வீடு ஒன்றைக் காட்டுங்கள் பார்ப்போம்! பல் முளைக்காத குழந்தைக்கு மசித்துக் கொடுப்பது அது. பனிச்சறுக்குக்குப் போகிற தாத்தாவின் முதுகுப் பையில் இருப்பது அது. பள்ளிக்கூடப் பிள்ளைகளின் மதியச் சாப்பாட்டுப் பாண் பெட்டிக்குள் நசிந்து கிடப்பதும் அதுதான். எல்லாம் கடல் தாண்டி, கப்பலில், பச்சைக் காயாக வருகிறது. கல்லுப் போல இருக்கும். அறைக்குள் அடுக்கி, கதவைப் பூட்டி, சூட்டைக் கூட்டி, வாயுவைத் திறந்துவிட்டால் சில நாளில் எல்லாம் ஒரே மஞ்சளில் வெளியே வரும். பிறகு லொறி, பிறகு சுப்பர் மார்க்கெட்.

"அவ்வளவு பழம் ஒரு அறைக்குள்ள பழுக்குது தங்கச்சி. ஆனா எங்கட வாழைப்பழ வாசம் ஒரு துளி இல்ல" என்று ஒருமுறை சொன்னார். "இது பழமில்ல. பழத்தின்ர படம்."

அந்தப் படத்தைப் பல வருஷம் பழுக்க வைத்துக்கொண்டிருந்தார் மனிதர்.

பிறகு இலங்கையில் சமாதானக் காலம் வந்தது. உங்களுக்கு நினைவிருக்கும். நோர்வே நடுவில் நின்றது. நாங்களும் ஏதோ நாங்களே நடுவில் நின்றது போல நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தோம். வேலையிடத்தில் நோர்வீஜியர்கள் எங்கள் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். "இனி நீங்கள் வீட்டுக்குப் போகலாம்!" என்றார்கள். போனோம்தான் — லீவுக்கு. ஆளுக்கு நாலு சூட்கேஸோடு.

யோகண்ணையும் மலரோடு போனார். அவர் ஊரை விட்டு வரும்போது கால்சட்டையோடு நின்ற தம்பி குணம், இப்போது மீசை வைத்த குடும்பஸ்தன். மனைவி சுதா, இரண்டு பிள்ளைகள், வீட்டுக்குப் பின்னால் வாழைத் தோட்டம். குணத்தின் கையில் கட்டார் விசா. சுப்பர் மார்க்கெட்டில் சாமான் அடுக்குகிற வேலை. அடுத்த மாதம் பயணம்.

போன முதல் நாளே தம்பி ஒரு சீப்பைக் கொண்டு வந்து வைத்தானாம். மட்டக்களப்பில் அதற்குப் பெயர் கோழிக்கூட்டுப் பழம். யாழ்ப்பாணத்தில் நாங்கள் இதரை என்போம். தமிழ்நாட்டுப் பிள்ளை ரஸ்தாளி என்று கேட்டாரே, அதுவும் இதுதான்.

"உரிச்சு வாயில வைச்ச உடன எனக்கு விசர் பிடிச்சிட்டுது" என்று யோகண்ணை பிறகு எங்களுக்குச் சொல்வார். விசர்தான், அசல் பைத்தியம்! அன்றைக்குப் பின்னேரமே தம்பியை உட்கார வைத்துக் கதைத்திருக்கிறார்.

"நீ ஏன்டா கட்டாருக்குப் போய் ஆற்றயோ சாமான அடுக்கிற? இஞ்சயே நில். தோட்டத்தப் பெருப்பி. பக்கத்துத் தோட்டக்காரர்ட்டயும் வாங்கு. பெட்டியில போட்டுக் கொழும்புக்கு அனுப்பு. மிச்சத்த நான் பாக்கிறன்."

"ஒஸ்லோவில வாழைப்பழம் இல்லையா அண்ணன்?"

"இரிக்கி. ஆனா பழம் இல்ல."

சுதா அன்றைக்கு மலரின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாளாம். சந்தோஷத்தில். புருஷன் வெளிநாடு போகவில்லை, பிள்ளைகளோடு வீட்டில் நிற்கப் போகிறான் என்றால் எந்தப் பெண்ணுக்குத்தான் சந்தோஷம் வராது?

குணம் விசாவைக் கைவிட்டான்.

முதல் பெட்டிகள் வந்தது நல்ல மார்கழிக் குளிரில். விமான நிலையத்தில் எந்தப் புண்ணியவான் என்ன நினைத்தாரோ, பெட்டிகளை இறக்கி வெளியே வைத்துவிட்டார். வாழைக்காய்க்குக் குளிர் ஆகாது. ஒருமுறை குளிர் பிடித்தால் பிறகு அது பழுக்கவே பழுக்காது. சாம்பல் நிறமாகி, கறுத்து, அப்படியே கிடக்கும். யோகண்ணை தன் வாழ்க்கையில் பாதியை இந்தப் பாடத்திலேயே கழித்தவர். பெட்டியைத் திறந்ததும் மூடிவிட்டாராம்.

அடுத்த முறை வழியில் எங்கோ பெட்டி நாள்கணக்கில் நின்றுவிட்டது. வந்தது பழம் இல்லை, கூழ்.

"விடுங்கோவன் இந்த விளையாட்டை" என்றாள் மலர். விடுகிற ஆளா? மூன்றாவது முறை விமான நிலையத்துக்குத் தானே வானை எடுத்துக்கொண்டு போய், ஹீட்டரை முழுதாகப் போட்டுக்கொண்டு, கம்பளியால் பெட்டிகளைப் போர்த்தி, பிள்ளை பெற்றவளை ஆஸ்பத்திரியிலிருந்து கூட்டி வருவது போலக் கொண்டு வந்தார். ஃபிளாட்டின் கீழே, நிலவறையில், எல்லா வீட்டுக்கும் சாமான் போட ஒரு சின்ன அறை உண்டல்லவா? அதற்குள் அடுக்கினார். வாயு கிடையாது, பெட்டிக்குள் இரண்டு மூன்று பழுத்த பழம். அவ்வளவுதான்.

ஒரு வாரத்தில் மாடிப்படி முழுக்க வாசம்!

கீழ் வீட்டு நோர்வீஜிய அம்மா கதவைத் தட்டினார். தனியாக இருக்கிறவர். முறைப்பாடுதான் என்று மலர் பயந்துவிட்டாள். அவர் கேட்டாராம் — "இது என்ன வாசனைத் திரவியம்?" மலர் ஒரு சீப்பைக் கொடுத்து அனுப்பினாள். அடுத்த கிழமை அவர் ஒரு கேக்கோடு திரும்பி வந்தார். வாழைப்பழ வாசத்துக்கு மொழி தேவையா என்ன?

அதன் பிறகு யோகண்ணை வேலையை விட்டார். ரொம்மனில் கடையைத் திறந்தார்.

நான் இருப்பது ஹவுகெட்டோவில். நகரத்தின் தெற்கு மூலை. ரொம்மன் வடகிழக்கு மூலை. ரயிலில் நகரத்துக்கு வந்து, பாதாள ரயில் மாறி, வாழைப்பழம் வாங்கப் போவேன். என் வீட்டுக்காரர் சிரிப்பார் — "உமக்குப் பக்கத்துக் கடையில வாழைப்பழம் இல்லையோ?" சிரித்துவிட்டு, நான் வந்ததும் பைக்குள் கையை விடுகிற முதல் ஆளும் அவர்தான்.

பழத்துக்காக மட்டுமா போனோம்? இல்லை. குணத்துக்காகவும்தான்.

சனிக்கிழமைகளில் குணம் கடைக்கு போன் எடுப்பான். எத்தனை பெட்டி, எப்போது விமானம் என்று கதைக்க. யோகண்ணை இரண்டு கையாலும் சாமான் நிறுத்துக்கொண்டிருப்பார். அதனால் போனை ஸ்பீக்கரில் போட்டுவிடுவார். கடை முழுக்கக் குணத்தின் குரல் கேட்கும். பின்னால் கோழி கத்துவதும் கேட்கும். கடைக்கு வந்தவர்கள் எல்லோரும் பேச்சுக்குள் வாயை வைப்பார்கள்.

"தம்பி, இது இதரை. கோழிக்கூடு எண்டு சொல்லி விக்காதையும்!" என்று ஒரு பெரியவர் ஒவ்வொரு முறையும் சண்டைக்குப் போவார். பருத்தித்துறை ஆள்.

"நீங்க என்ன பேர் வைச்சாலும் சரி அண்ணன். பழத்துக்குக் காது இல்ல."

நானும் ஒருமுறை வாழைப்பூவுக்கு ஆசைப்பட்டுக் கேட்டேன் — "தம்பி, வாழைப்பொத்தி அனுப்பேலாதோ? இஞ்சை கிடைக்கிறது காஞ்சு போய்க் கிடக்கு."

"அனுப்பலாம் அக்கா. பொத்தி சுண்டுறதுக்கு அங்க றால் இரிக்கா?"

"இருக்கு. ஐஸில வைச்சது."

"ஐஸ் றாலா?" கோழி ஒன்று கத்தியது. "அப்ப பொத்திக்கு மரியாத இல்லக்கா. நீங்க ஒருக்கா இஞ்ச வாங்க, சுதா சுண்டித் தருவா."

கடையே சிரித்தது. ஆனாலும் அடுத்த பெட்டியில் பொத்தி வந்தது. மேலே ஒரு துண்டுக் கடதாசியில் 'ஐஸ் றால் அக்காவுக்கு' என்று எழுதியிருந்தது.

நாங்கள் ஒருவரும் அவனைப் பார்த்ததில்லை. கறுப்பா, வெள்ளையா, கட்டையா, நெட்டையா — தெரியாது. எங்களுக்கு அவன் ஒரு குரல். ஆனாலும் எங்கள் வீட்டுப் பிள்ளை போல ஆகிவிட்டான்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். சமாதானப் பேச்சு முறிந்தது. கிழக்கில், மட்டக்களப்புப் பக்கம்தான் முதலில் குண்டு விழத் தொடங்கியது.

முதலில் பெட்டிகள் பிந்தின. பிறகு பாதியாகின. பிறகு நின்றன. பாதை பூட்டு, லொறி போகவில்லை என்றான் குணம். பிறகு ஒரு கிழமை போனே இல்லை. வந்தபோது அவன் வேறிடத்தில் இருந்தான். வாவியைக் கடந்து, பட்டினப் பக்கம், ஒரு பள்ளிக்கூட வளவில் — தரப்பாள் கூடாரத்துக்குள். சுதாவும் பிள்ளைகளும் பக்கத்தில். உடுத்த உடுப்போடு வந்திருக்கிறார்கள். காய்த்து நின்ற தோட்டம், ஆடு, கோழி எல்லாம் அக்கரையில்.

யோகண்ணை அந்த நாட்களில் மெலிந்து போனார். கடையில் நின்றாலும் கடையில் இல்லை. நாங்கள் வேறு போய்க் கேட்டுக்கொண்டிருந்தோம் — "என்ன யோகண்ணை, இந்தக் கிழமையும் பழம் வரேல்லையோ?" அங்கே என்ன நடக்கிறது என்று தெரிந்துகொண்டேதான் கேட்டோம். தைப்பொங்கல் வருகிறதே, தைப்பூசம் வருகிறதே... சனம் எப்படியும் கேட்கும். வாய்க்கு என்ன தெரியும்?

யோகண்ணை ஒரு விஷயத்தில் பிடிவாதமாக நின்றார். குணத்தை எப்படியாவது கட்டாருக்கு அனுப்பிவிட வேண்டும். பழைய ஏஜென்டைத் தேடிப் பிடித்தார். அந்த வேலை இல்லை, வேறு வேலை இருக்கிறது என்றான் ஏஜென்ட். அதுவும் போதும் என்றார் இவர்.

அந்தக் கதை நடந்தபோது நான் கடையில் நின்றேன். அன்றைக்கும் ஸ்பீக்கர்தான்.

"குணம், நான் சொல்றதக் கேள். பாஸ்போட்டக் குடு. மிச்சம் எல்லாம் நான் பாக்கிறன்."

"புள்ளைகள இந்தக் கூடாரத்துக்குள்ள போட்டுட்டு எப்பிடியண்ணன் போற? மழைக்கு உள்ளுக்கெல்லாம் தண்ணி."

"நீ போனாத்தான்டா அதுகளுக்கு ஒரு வழி வரும்."

"ஊருக்குப் போக விடப்போறாங்களாம் எண்டு கதை வருது. ஒருக்காப் போய்த் தோட்டத்தப் பாத்திட்டு வாறன். மரம் நிண்டா விட்டிட்டு எங்க போற? அழிஞ்சி போயிருந்தா மறுகா கட்டாருக்குப் போறன். சத்தியமா."

"தோட்டம் மண்ணாங்கட்டி! போடா அத!"

யோகண்ணை கத்தி நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

"அண்ணன்... அது நீங்க போடச் சொன்ன தோட்டம்" என்றான் குணம். கோபத்தில் இல்லை. சும்மா, ஞாபகப்படுத்துவது போல. அன்பாகத்தான்.

யோகண்ணை போனை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

அதற்குப் பிறகு வந்த ஒரு சனிக்கிழமை. வெளியே நல்ல வெயில். பனி உருகி ஓடுகிற நாள். கடையில் சனம். பருத்தித்துறைப் பெரியவர் வெங்காயம் தெரிந்தெடுத்துக்கொண்டிருந்தார். நான் மிளகாய்த்தூளோடு வரிசையில். போன் அடித்தது. யோகண்ணை நம்பரைப் பார்த்தார், முகம் மலர்ந்தது. வழக்கம் போல ஸ்பீக்கரை அழுத்திவிட்டு, தராசுப் பக்கம் திரும்பினார்.

"சொல்லுடா குணம்."

"அத்தான்..."

சுதாவின் குரல்.

"அத்தான், அவர் இல்ல அத்தான். தோட்டத்துக்குப் போனவர். தண்ணி மெஷின் கொட்டிலுக்குக் கிட்ட... மிதிவெடி அத்தான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போற வழியில..."

பிறகு அழுகை. கடை முழுக்க அந்த அழுகை. பருப்புத் தட்டுக்கும் அரிசி மூட்டைக்கும் நடுவில் நாங்கள் எல்லோரும் நின்றோம். அந்தப் பெண் எங்கோ ஒரு பள்ளிக்கூட வளவில் நின்று எங்கள் நடுவில் அழுதாள். மலர் ஓடி வந்து ஸ்பீக்கரை நிற்பாட்டப் பார்த்தாள். எந்தப் பட்டன் என்று தெரியவில்லை. நான் போனேன். எனக்கும் தெரியவில்லை. கடைசியில் பெரியவர்தான் வந்து, ரிசீவரைத் தூக்கி, மலரின் கையில் கொடுத்தார்.

யோகண்ணை தராசின் முன்னால் அப்படியே நின்றார். தட்டில் யாருக்கோ நிறுத்த கத்தரிக்காய். அதை ஒவ்வொன்றாக எடுத்துப் பைக்குள் போட்டார். முடிச்சுப் போட்டார். "அடுத்த ஆள்?" என்றார்.

ஒருவரும் முன்னால் போகவில்லை.

அடுத்த நாள் எல்லிங்ஸ்ருட் ஃபிளாட்டில் நிற்க இடமில்லை. தெரிந்தவர், தெரியாதவர், சமைத்த சட்டியோடு வந்தவர். மேசையில் படம் ஒன்று வைத்து மாலை போட்டிருந்தார்கள். நாங்கள் குணத்தின் முகத்தைப் பார்த்தது அன்றைக்குத்தான். ஒல்லியான, சிரிக்கிற, காது கொஞ்சம் பெரிய பொடியன். கனபேர் அந்தப் படத்துக்குக் கிட்டப் போய் நின்று பார்த்தார்கள். "இவன்தானோ..." என்று ஒருவர் மெதுவாகச் சொன்னது இப்போதும் காதில் நிற்கிறது.

யோகண்ணை ஊருக்குப் போகவில்லை. போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிடும். கொழும்பிலிருந்து மட்டக்களப்புக்குப் போகிற வழியும் அந்த நாளில் ஒரு வழியாக இல்லை. அங்கே அவனைச் சுடலைக்கு எடுத்த நேரம், இவர் இங்கே ஜன்னலோரம் நின்று கார் பார்க்கைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

ஆண்கள் கூடினால் என்ன கதைப்பார்கள்? தெரிந்ததுதானே. அந்த வெடியை யார் வைத்தது என்று தொடங்கினார்கள். இவங்கள் வைத்ததா, அவங்கள் வைத்ததா. எந்த ரகம், எந்தக் காலத்தில் புதைத்தது. குரல் உயர்ந்துகொண்டு போனது. ஒருவர் மேசையில் குத்தினார். மாலை போட்ட படம் ஆடியது.

யோகண்ணை ஜன்னலிலிருந்து திரும்பினார்.

"ஆர் வைச்சா என்ன? கால் வைச்சது என்ர தம்பி."

மேசையில் குத்தியவர் ஆடிய படத்தை நேராக்கி வைத்தார்.

சனம் குறைந்த பிறகு நான் தேநீர் கொண்டு போய்க் கொடுத்தேன். வாங்கி வைத்துக்கொண்டார். குடிக்கவில்லை.

"விசா கையில இரிந்தது தங்கச்சி."

"ஓம் யோகண்ணை."

"நாந்தான் வேண்டாமெண்டன்."

என்ன சொல்வது? விதி என்று சொல்லலாம். அன்றைக்கு வந்த எல்லோரும் அதைத்தான் சொன்னார்கள். உங்கள் பிழை இல்லை என்று சொல்லலாம். சமாதானம் வரும் என்று உலகமே நம்பியது, நீங்கள் நம்பியதில் என்ன பிழை என்று கேட்கலாம். எல்லாம் உண்மைதான். ஆனால் உண்மையைச் சொன்னால் ஆறுதல் வரும் என்று யார் சொன்னது? நான் தொடங்க வாயைத் திறந்தேன். மலர் என் தோளில் கையை வைத்தாள். வேண்டாம் என்பது போல.

கீழ் வீட்டு நோர்வீஜிய அம்மாவும் வந்திருந்தார். ஒரு மெழுகுதிரியைக் கொண்டு வந்து படத்துக்கு முன் ஏற்றிவிட்டு, மூலையில் இருந்த நாற்காலியில் போய் உட்கார்ந்தார். பின்னேரம் வரை உட்கார்ந்திருந்தார். ஒரு சொல் பேசவில்லை. அன்றைக்கு அந்த வீட்டில் சரியாக நடந்துகொண்டவர் அவர் ஒருவர்தான் என்று எனக்குப் படுகிறது.

கடை கொஞ்ச நாள் பூட்டியிருந்து, திறந்தது. முதல் கிழமையும் பழத் தட்டு வெறுமையாகவே இருந்தது. மலர் அதன் மேல் ஒரு துணியை விரித்துவிட்டிருந்தாள்.

இரண்டாவது கிழமை ஒரு விற்பனைப் பிரதிநிதி வந்தான். நல்ல மாதிரி ஆள், கையில் சாம்பிள். "உங்களிடம் சின்ன வாழைப்பழம் நன்றாக ஓடியதாமே? எங்களிடம் வேறு நாட்டுப் பழம் இருக்கிறது. பெட்டி பிந்தாது, கவலையே வேண்டாம்." மலர் யோகண்ணையைப் பார்த்தாள். யோகண்ணை தோளை அசைத்தார். துணியை எடுத்தார்கள். தட்டு நிறைந்தது.

சனம் வாங்கியது. "பரவாயில்லை, இதுவும் நல்லாத்தான் இருக்கு" என்றது. நானும் ஒரு சீப்பு வாங்கினேன். பரவாயில்லாமல்தான் இருந்தது.

இதுதான் என்னை நித்திரை கொள்ள விடாத விஷயம், வாசகர்களே. இந்த நாட்டில் ஒன்றும் முளைக்காது. ஆனால் எதுவும் தீராது. ஒரு மூலையில் புயல் அடித்தால் அடுத்த மூலையிலிருந்து வரும். ஒரு ஊரில் சண்டை என்றால் சண்டையில்லாத ஊர் ஒன்றைக் கண்டுபிடித்து அங்கிருந்து வரும். யாரோ ஒருவன் தோட்டத்துக்குப் போய்த் திரும்பி வரவில்லை என்பது இங்கே ஒரு தட்டு கொஞ்ச நாள் வெறுமையாக இருப்பது — அவ்வளவுதான். பிறகு பெட்டி வந்துவிடும். எல்லாம் கிடைக்கிற ஊரில் வாழ்வது எவ்வளவு வசதி! எவ்வளவு பயங்கரம்!

நோர்வீஜியரைக் குறை சொல்லி என்ன? அவர்களுக்குப் பழம் கப்பலில் வருகிறது. அனுப்பியவனின் பெயர் தெரியாது. எங்களுக்குப் பெயர் தெரியும். குரல் தெரியும். அவன் வீட்டுக் கோழி கத்துவது கூடத் தெரியும். தெரிந்தும் என்ன செய்தோம்? அழுதோம். சட்டி சட்டியாய்ச் சமைத்துக் கொண்டு போனோம். அடுத்த பெட்டி வந்ததும் வரிசையில் நின்றோம்.

இதை எழுதிக்கொண்டிருந்தபோது, வியாழக்கிழமை, மலர் எனக்குப் போன் எடுத்தாள். சுதா கதைத்தாளாம். ஊருக்குத் திரும்பிவிட்டார்கள். வீட்டுக்குக் கூரை இல்லை. தரப்பாளைத்தான் இழுத்துக் கட்டியிருக்கிறார்கள். தோட்டத்தில் ஒரு பாதியை மட்டும் வெடி எடுத்துத் துப்புரவாக்கிக் கொடுத்திருக்கிறார்களாம். யாரும் தண்ணீர் ஊற்றாமலே மரம் குலை தள்ளியிருக்கிறதாம். நல்ல குலைகள்.

"அத்தான், எனக்கும் சீவியம் போகணுமே... பெட்டி போடட்டா?" என்று கேட்டிருக்கிறாள்.

யோகண்ணை போனை மலரின் கையில் வைத்துவிட்டு, சப்பாத்தை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார்.

"பிறகு நீர் என்ன சொன்னனீர்?" என்று கேட்டேன்.

"நான் என்னத்தைச் சொல்ல அக்கா? செலவுக்கு நாங்கள் அனுப்புறம், இப்ப பெட்டி வேண்டாம் எண்டு சொன்னனான். குலையை வெட்டிப் பிள்ளையளுக்குக் குடும் எண்டனான்."

"அதுக்கு?"

"பிள்ளையள் இப்ப வாழைப்பழம் தின்னுறேல்லையாம் அக்கா."

பெரியவர்கள் நாங்கள்தான் தின்றுகொண்டிருக்கிறோம்.